இரண்டாவது குத்து

ரத்தம் எடுப்பது என் வேலை. பதினாறு வருடமாக இந்தப் பரிசோதனைக் கூடத்தில் எனக்கு 'ஒரே குத்து அக்கா' என்றுதான் பெயர். பெருமைக்குச் சொல்லவில்லை. சரி, பெருமைக்குத்தான் சொல்கிறேன். ரப்பர் பட்டையைக் கட்டுவேன், விளக்கைக் கிட்டே இழுப்பேன், நரம்பு எங்கே என்று கண்ணாலேயே பிடித்துவிடுவேன். வந்தவர் பயந்து முகத்தைச் சுளிப்பதற்குள் ஊசி ஏறியிருக்கும்.

விடுப்பு முடிந்து திரும்பி வந்த இந்த மூன்று வாரமாக அது நடக்கவில்லை. தினமும் நாலைந்து பேருக்குக் குறி தப்பியது. பட்டையை இன்னும் இறுக்கினேன். விளக்கை மாற்றச் சொன்னேன். போய்ப் புதுக் கண்ணாடி போட்டுக்கொண்டு வந்தேன். அதில் என் தவறுகள்தான் பளிச்சென்று தெரிந்தன.

மேற்பார்வையாளர் நல்ல மனுஷி. கதவைச் சாத்திவிட்டு, இன்னும் ஒரு புகார் வந்தால் என்னைப் பதிவு மேஜைக்கு மாற்ற வேண்டியிருக்கும் என்றார். சம்பளம் குறையாதாம், உட்கார்ந்தே வேலையாம். கணவர் இறந்து இரண்டு மாதம் ஆகிறது. வீட்டில் நான் தொடுவதற்குப் பாத்திரமும் கதவுப்பிடியும்தான் இருக்கின்றன. இங்கேயாவது ஒரு நாளைக்கு நாற்பது கை. பதிவு மேஜைக்கு முன்னால் கண்ணாடித் தடுப்பு இருக்கிறது. இதையெல்லாம் ஒரு மேலதிகாரியிடம் எப்படிச் சொல்வது? தலையாட்டிவிட்டு வந்தேன்.

மறுநாள் காலை பதினொன்றாம் டோக்கனில் ஒரு பெண் வந்தாள். மீன் வைக்கும் குளிர்க்கிடங்கில் வேலையாம், பணி முடிந்து நேராக வந்திருந்தாள். மேற்பார்வையாளர் குழாய்களை அடுக்குகிற சாக்கில் பக்கத்தில் நின்றார். வலது கையில் குத்தினேன். தப்பியது. ஒருவருக்கு இரண்டு முறைதான் குத்தலாம், அதற்கு மேல் வேறு ஆளைக் கூப்பிட வேண்டும் என்பது விதி.

இடது கையில் பட்டையைக் கட்டப் போனேன். அவள் விரல்கள் ஐஸாக இருந்தன. குளிர்ந்த கையில் நரம்பு ஒளிந்துகொள்ளும். சூடு பண்ணு, விரலால் தடவிப் பார், அவசரப்படாதே என்று புதிதாகச் சேருகிறவர்களுக்கு முதல் நாளே நான்தான் பாடம் எடுக்கிறேன். நானே அதை எப்போது விட்டேன்? யோசிக்கவே வேண்டியதில்லை. கடைசி மாதம் முழுக்க என் கணவர் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அதற்குப் பிறகு எந்தக் கையையும் அரை நிமிடத்துக்கு மேல் பிடிக்க என்னால் முடியவில்லை. கையும் வேண்டும், உடனே விட்டுவிடவும் வேண்டும். இந்த லட்சணத்தில் விளக்கைக் குறை சொல்லிக்கொண்டிருந்தேன்.

கையுறையைக் கழற்றினேன். நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, அவள் கையை என் இரண்டு கைகளுக்குள் வைத்துக்கொண்டேன். அவள் பயந்துபோய் ஏதாவது கோளாறா என்று கேட்டாள். சூடு பண்ணுகிறேன், கொஞ்ச நேரமாகும் என்றேன். வெளியே வரிசை முணுமுணுத்தது. கிடங்கில் ஒன்றன்மேல் ஒன்றாக இரண்டு கையுறை போடுவார்களாம். கழற்றும்போது அது தன் கைதானா என்றே சந்தேகம் வருமாம். சொல்லிவிட்டு அவளே சிரித்தாள். எனக்குக் கண்ணில் நீர் முட்டியது. துடைக்கக் கை காலியில்லை.

ஐந்து நிமிடம் போயிருக்கும். புதுக் கையுறை மாட்டி, பட்டையைக் கட்டி, கண்ணை மூடிக்கொண்டு விரலால் தேடினேன். உள்ளே ஆழத்தில் மெத்தென்று ஒன்று விரலுக்குத் தட்டுப்பட்டது. கண்ணைத் திறந்து குத்தினேன். குழாய் நிரம்பியது. மேற்பார்வையாளர் குழாய்த் தட்டை எடுத்துக்கொண்டு போனார்.

ஊசியை எடுத்துப் பஞ்சை வைத்தேன். வழக்கமாக அவர்களையே அழுத்திப் பிடிக்கச் சொல்லிவிட்டு அடுத்த டோக்கனைக் கூப்பிடுவேன். அவளும் பழக்கத்தில் மற்றக் கையைக் கொண்டுவந்தாள்.

"இருக்கட்டும்மா," என்றேன். "நானே பிடிச்சுக்கறேன்."