ஒன்பது பொம்மைகளும் 480 வாட்டும்

டிசம்பர் முதல் வாரத்தில் எங்கள் தெருவில் இரண்டு மணி நேரம் மின்சாரம் போனது. பழி என் புல்வெளியில் நின்ற ஒன்பது காற்றுப் பொம்மைகள் மேல் விழுந்தது. பன்னிரண்டடிப் பனிமனிதன், சாண்டா, இரண்டு கலைமான்கள், மீதி பென்குவின்கள். ஒவ்வொன்றுக்குள்ளும் ஒரு குட்டி ஃபேன் ஓயாமல் ஊத வேண்டும். நிறுத்தினால் துணிமூட்டையாகப் படுத்துவிடும். இத்தனை பெரிய உருவங்கள் எவ்வளவு கரண்ட் குடிக்குமோ என்று குடியிருப்போர் சங்கத் தலைவர் ஹாஸ்கின்ஸ் தானாக ஒரு கணக்குப் போட்டு, ஞாயிற்றுக்கிழமைக்குள் எல்லாவற்றையும் எடுக்கச் சொல்லிக் கடிதம் அனுப்பினார்.

எடுக்க மாட்டேன். என் கணவர் வெர்லினுக்கு ஏப்ரலில் பக்கவாதம் வந்தது. முன்னறை ஜன்னலோரக் கட்டில்தான் இப்போது அவருடைய உலகம். நாலரை மணிக்கு நான் வெளியே போய்ச் சுவிட்சைப் போட, பொம்மைகள் தள்ளாடி எழுவதைப் பார்க்க மதியத் தூக்கத்தைக்கூட விட்டுவிட்டுக் காத்திருப்பார்.

எங்கள் நூலகத்தில் புத்தகம் போலவே மின்சாரம் அளக்கும் கருவியும் இரவல் தருவார்கள். வாங்கி வந்தேன். சனிக்கிழமை சாயங்காலம் ஹாஸ்கின்ஸையும் அக்கம்பக்கத்தாரையும் வரவழைத்து, ஒன்பதையும் சேர்த்து அளந்து காட்டினேன். 480 வாட். தலை உலர்த்தும் டிரையர் ஒன்றே இதைப்போல் மூன்று மடங்கு இழுக்கும். கருவியோடு நேரே அவர் வீட்டுக்கு நடந்தேன். கூட்டமும் பின்னால் வந்தது. அவர் கூரை விளிம்பில் தொங்கிய பழைய காலத்துக் குண்டு பல்புச் சரம் 1,400 வாட் காட்டியது.

"உபதேசமெல்லாம் ஊருக்குத்தானா, ஹாஸ்கின்ஸ்?" என்றேன்.

அவருக்கு முகம் சிவந்துவிட்டது. "கரண்ட விடுங்க டோரீன். தெருவுல இருந்து பாக்க அசிங்கமா இருக்கு."

"அத மொதல்லயே சொல்ல வேண்டியதுதான."

பற்றிக்கொண்டு வந்தது எனக்கு. வீட்டுக்குத் திரும்பி, வெர்லின் கட்டிலில் பொத்தென்று உட்கார்ந்து ஜன்னல் வழியே பார்த்தேன். ஒன்பது முதுகுகள். எல்லோரையும் போல நானும் பொம்மைகளைத் தெருவைப் பார்க்கத்தான் நிறுத்தியிருந்தேன். இத்தனை நாளும் இந்த மனிதர் முதுகுகளைப் பார்க்கவா காத்திருந்தார்? வெட்கமாக இருந்தது.

மறுநாள் காலை பொம்மைகளைக் கட்டியிருந்த முளைகளைப் பிடுங்கி, ஒன்பதையும் வீட்டைப் பார்க்கத் திருப்பி நட்டேன். நாலரைக்கு சுவிட்சைப் போட்டேன். பனிமனிதனின் முகம் மெல்ல எழுந்ததைப் பார்த்து வெர்லின் பாதி வாயால் சிரித்தார்.

கடிதத்தின் நகலோடு வந்த ஹாஸ்கின்ஸ் நடைபாதையிலேயே நின்றுவிட்டார். "என்ன டோரீன், எல்லாம் முதுகக் காட்டுது?"

"முகம் பாக்க வேண்டியவர் உள்ள இருக்காரு," என்றேன். "உங்களுக்கு முதுகு போதும்."