லாரி வரிசையில் நாழிகை விளக்கு

செங்கொடிக்குப் புருசங்கூட ஒரு சண்டை பாக்கி இருந்துச்சு. ஏழு மாசமா. முழுசாப் போடணும்னா கொறஞ்சது இருவது நிமிசம் வேணும். அதுக்கு எங்க போறது?

எழிலன் கண்டெய்னர் டிரெய்லர் ஓட்றவன். காலைல ரெண்டு மணிக்கே எழுந்து, சத்தமில்லாம கதவச் சாத்திக்கினு போயிடுவான். அஞ்சு மணிக்கு இவ மணலி கம்பெனி பஸ்ஸப் புடிப்பா. அவன் வர்றப்ப இவ வேலையில, இவ வர்றப்ப அவன் தூக்கத்துல. ஒரே வூட்ல குடித்தனம்னு பேரு! போகும்போது என்னை ஏன்யா எழுப்பாம போறன்னு அவன் மூஞ்சியப் பாத்து கேக்கணும், அவ்ளோதான். போன்ல கேக்கலாமேன்னு யாராவது சொன்னா, அவங்க இன்னும் கல்யாணம் கட்டலன்னு அர்த்தம்.

அதுக்குத்தான் நாழிகை விளக்க நம்பிக்கினு இருந்தா.

திருவொற்றியூர் லேத்துக்காரர் சந்துல நாப்பது வூடு. மாசி மாசக் கடைசி ஞாயித்துக்கெழம, பொழுது சாயிற நேரத்துல வூட்டுக்கு ஒரு விளக்கு. அகல் விளக்கு இல்லீங்க. சாத்தாங்காட்டு இரும்புக் கடையில வாங்குன உள்ளங்கை அகல நட்டு. அடியில களிமண்ண அடைச்சு, எண்ணெய் ஊத்தி, திரி போட்டது. மொத வூட்டு விளக்குலேர்ந்து ரெண்டாவது, அதுலேர்ந்து மூணாவதுன்னு ஏத்திக்கினே வரணும். ஒரு விளக்காண்ட நின்னா அடுத்த சுடர் கண்ணுக்குத் தெரியணும். சூரியன் மறையறதுக்குள்ள கடைசி விளக்கு பத்திக்கிச்சுன்னா, அந்த வரிசைக்குள்ள இருக்கிறவங்களுக்கு ஒரு நாழிகை சும்மா கெடைக்கும். இருவத்திநாலு நிமிசம். வெளிய ஒலகம் அப்படியே நிக்கும். உள்ள ஒருத்தரு தூங்குவாரு, ஒருத்தரு நிம்மதியா எண்ணெய் தேச்சுக் குளிப்பாரு. நம்பாதவங்க போய்க்கினே இருக்கலாம், சந்துக்காரங்க யாரு கையையும் புடிச்சு இழுக்கல.

இந்த வருசம் முறைப்படி கடைசி விளக்கு செங்கொடியோடது. நாலு மணிக்கு வந்துடறேன்னு எழிலன் சொல்லியிருந்தான். அஞ்சே முக்காலுக்கு இவதான் போன் போட்டா.

"இன்னாயா, எங்க கீற?"

"எக்ஸ்பிரஸ் ரோட்லமே. மூணு மணி நேரமா வண்டி நவுரல. நம்ப சந்து முனை இங்கேர்ந்தே தெரியுது. வண்டிய வுட்டு எறங்க முடியாது, பின்னாடி நூறு வண்டி கீது."

செங்கொடி போன வெச்சா. எதிர் வூட்டு டோரதி, ஹார்பர் கேன்டீன்ல சமைக்கிறவ, வாசல்ல நின்னு கத்துனா. "ஏத்துடி! சூரியன் எறங்கிக்கினு கீது. நாப்பது வூட்டு நாழிகை உன் கையில கீது, தெர்தா?"

தெரியாமலா? அதான் பேஜாரே. செங்கொடி கையில இருந்த நட்டயே பாத்துக்கினு நின்னா. அப்புறம் திடுக்னு நிமிந்தா.

"அக்கா, கடைசி விளக்கு என் வாசல்லதான் இருக்கணும்னு யாரு சொன்னது?"

டோரதி கையத் தட்டுனா. "அடிப்பாவி! யாருமே சொல்லலடி!"

அப்புறம் பாக்கணுமே அந்த ஓட்டத்த! மொத பத்து விளக்கு சந்துக்குள்ள தள்ளித் தள்ளி நின்னுச்சு. மீதிய ஆளுக்கு ஒண்ணாத் தூக்கிக்கினு எக்ஸ்பிரஸ் ரோட்டுக்கு ஓடுனாங்க. கடக்காத்து சும்மா வுடுமா? ஹெல்மெட்ட கவுத்துப் புடிச்சு சுடரக் காப்பாத்துனாங்க. சந்துக்கார தாமஸோட விளக்கு மட்டும் மூணு தடவ அணைஞ்சுது. அவரு காத்தத் திட்டுன திட்ட இங்க எழுத முடியாது. லாரிங்களுக்கு நடுவுல இந்த வரிசையப் பாத்த டிரைவரு ஒருத்தரு எட்டிப் பாத்தாரு.

"இன்னா நைனா, போராட்டமா?"

"ஆமா, டைம் கேட்டு!"ன்னாரு தாமஸ்.

செங்கொடி பொடவய ஏத்திச் செருகிக்கினு டிரெய்லர் மேல ஏறுனா. எழிலன் கண்ணு செவந்து, ஸ்டியரிங்கப் புடிச்சபடி முழிச்சான். நட்டு விளக்க முன்கண்ணாடிக்குக் கீழ வெச்சா. முப்பத்தொம்பதாவது விளக்க டோரதி கீழேர்ந்து தூக்கிக் குடுத்தா. சூரியன் நகத்தளவுதான் பாக்கி. திரி ஒரு தடவ புகைஞ்சு, பத்திக்கிச்சு.

மூணு மணி நேரமா நிக்கிற எடத்துல நேரம் நின்னா யாருக்குத் தெரியும்? முன்னாடி லாரிக்காரன் ஜன்னல் வழியா வாய் கொப்புளிச்சான். அந்தத் தண்ணி கீழ வுழாம அந்தரத்துலயே நின்னுச்சு. அப்பத்தான் விளக்கு வரிசை முழுக்க ஒரு கூச்சல் கெளம்புச்சு பாருங்க! நடுவுல மாட்டுன எட்டு டிரைவருங்களுக்கும் ஓசி நாழிகை. ஏழு பேரு ஒடனே தூங்கிட்டாங்க.

செங்கொடி ஆரம்பிச்சா. ஈரத் துண்டு, தீந்து போன காஸ் சிலிண்டரு, அவன் தங்கச்சி வளைகாப்புக்கு இவ தனியாப் போயி நின்னது. அவனும் லேசுப்பட்டவனா? சார்ஜர ஒளிச்சு வெச்சதுலேர்ந்து ஒண்ணு வுடாம எடுத்தான். ஆசை தீர கத்துனாங்க. கடைசியில இவ கொரலு எறங்கிப் போச்சு.

"போறச்சே ஏன்யா என்னிய எயுப்பாம போற? முயிச்சுப் பாத்தா வெறும் பாயி. வெறுப்பா கீதுயா."

எழிலன் தலையச் சொறிஞ்சான். "நீ படுக்கறதே பதினொண்ணுக்கு. எப்டிமே எயுப்பறது? கதவாண்ட நின்னு பாத்துட்டுதான் போறேன்."

"எவ்ளோ நேரம்?"

"சில நாளு பத்து நிமிசம்."

"பத்து நிமிசமா!" முதுகுல ஒண்ணு வெச்சா. "நேரமே இல்ல, நேரமே இல்லன்னு நான் சந்து மொத்தத்தயும் ரோட்டுக்கு இட்டாந்துகினு கீறேன். நீ தெனம் பத்து நிமிசம் கையில வெச்சிக்கினு, என்னிய எயுப்பாம நிக்கிறியா?"

அவன் சிரிச்சான். அதப் பாத்து இவளுக்கும் சிரிப்பு வந்துடுச்சு, கண்ணுல தண்ணியோட. மிச்ச நேரம் அவன் தோள்ல சாஞ்சுக்கினு சும்மா ஒக்காந்திருந்தா.

திரி கருகுச்சு. முன்னாடி தண்ணி சொத்துன்னு ரோட்ல வுழுந்துச்சு. ஹாரன் அலறுச்சு, மூணு மணி நேரத்துல மொத தடவயா வரிசை நவுந்துச்சு. செங்கொடி அவசரமா எறங்குனா.

"நாளைக்கு எயுப்பறேன்மே," எழிலன் ஜன்னல் வழியா கத்துனான். "ரெண்டு மணிக்கு!"

"ஒண்ணே முக்காலுக்கு எயுப்பு!"ன்னு இவளும் கத்துனா.