கால் வைக்காத வயல்

சர்வேயரின் அக்கா வீடு மண் மேல் நின்றதா, காகிதத்தின் மேல் நின்றதா என்று கேட்டால் காகிதத்தின் மேல் என்றுதான் சொல்ல வேண்டும். "இந்நிலத்தில் பல்லாண்டுகளாகத் தண்ணீர் தேங்கியதில்லை. மேட்டுத் தரிசு." ஏழு வருஷத்துக்கு முன்னால், அக்கா வீட்டுச் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து, அத்தான் சொல்லச் சொல்ல அவர் எழுதிக் கையெழுத்துப் போட்ட அறிக்கை அது. அந்த நிலத்தில் அவர் கால்கூட வைக்கவில்லை. அதன் பலத்தில் லாரி லாரியாக மண் கொட்டிச் சதுப்பு வயலை மேடாக்கினார்கள். வீடு எழும்பியது, பக்கத்திலேயே மரப்பட்டறையும். இரண்டு வருஷத்தில் அத்தான் மாரடைப்பில் போய்விட்டார். பட்டறையை அக்காதான் கட்டி ஆண்டாள்.

போன மழையில், தேங்க இடமில்லாத தண்ணீர் கீழ்த்தெருவுக்குள் புகுந்தது. படுத்த படுக்கையாகக் கிடந்த தையல்காரர் ஒருவர் மூழ்கி இறந்தார். அவருடைய மகள் ஓயாமல் மனுப் போட்டாள். கடைசியில் அரசு உத்தரவு வந்தது: முப்பது நாளில் மண்ணை அள்ளி, நிலத்தைப் பழையபடி வயலாக்க வேண்டும். அக்கா நீதிமன்றம் போய்த் தடை வாங்கினாள். அவள் கையில் இருந்த ஒரே ஆதாரம் தம்பியின் அறிக்கை. நீதிபதி அதைப் புரட்டிப் பார்த்துவிட்டு, எழுதியவரே நேரில் வரட்டும் என்றார்.

அன்று மத்தியானமே அக்கா அவருடைய அலுவலகத்துக்கு வந்தாள். சுருட்டி வைத்த வரைபடங்களை ஒதுக்கிவிட்டு முக்காலியில் உட்கார்ந்தாள்.

"எழுதினதைப் படிச்சிட்டு இறங்கி வாடா. அவ்வளவுதான்."

"நான் அங்க போகவே இல்லையேக்கா."

"அது உனக்கும் எனக்கும் மட்டும்தானே தெரியும்?"

அவள் ஒதுக்கிய வரைபடங்களை அவர் எடுத்து அடுக்க ஆரம்பித்தார்.

"அம்மா போனப்புறம் உன்னைப் படிக்க வெச்சதுக்குக் கைமாறு கேக்க வரல. என் தலையில மண்ணை அள்ளிப் போட்டுடாதேன்னு கேக்கத்தான் வந்தேன்."

விசாரணை நாளன்று, அக்காவின் வக்கீல் தாழ்வாரத்தில் அவர் தோளைத் தட்டினார். "நீதிபதிக்குத் தூக்கம் வர்ற மாதிரி பேசுங்க சார். அதுக்கு உங்க புல எண் பாஷையே போதும்." சர்வேயரும் சிரித்து வைத்தார். படித்துவிட்டு இறங்கிவிடுவது என்று அப்போது அவர் முடிவுசெய்திருந்தார்.

பெஞ்சில் இருந்த பெண் நகர்ந்து இடம் கொடுத்தாள். "நீங்களும் கேஸுக்கா?"

"ம்."

"எங்கப்பா தண்ணியில போயிட்டார். அந்தக் கேஸுதான்." அவர் யாரென்று தெரியாமலே அவள் சொல்லிக்கொண்டு போனாள். "தண்ணி, தண்ணின்னு கத்தினார். குடிக்கக் கேக்கறார்னு நெனைச்சு, நான் டம்ளரை எடுத்துக்கிட்டுப் போனேன்."

சர்வேயர் கையில் வைத்திருந்த அறிக்கை நகலை மடித்துப் பைக்குள் வைத்தார்.

உள்ளே நீதிபதி கேட்டார்: "நிலத்தைப் பார்த்துத்தான் எழுதினீங்களா?"

"இல்லைங்க ஐயா." அக்கா இருந்த பக்கம் அவர் திரும்பவில்லை. "பார்க்காம எழுதினேன். அங்க வருஷம் பூரா தண்ணி நிக்கும்னு தெரிஞ்சேதான் எழுதினேன்."

வக்கீல் கேஸ் கட்டை மூடிவிட்டார். அக்காவின் மனு தள்ளுபடி ஆனது. சர்வேயர் மேல் தனி வழக்குப் போடவும் உத்தரவானது. வெளியே தையல்காரர் மகள் வழிமறித்தாள். அவள் நன்றி சொல்லப்போகிறாள் என்று ஒரு கணம் அவர் நினைத்தார்.

"இதை எங்கப்பா உயிரோட இருக்கிறப்பவே சொல்லியிருந்தா என்ன?" என்றாள்.

பொக்லைன் வந்த அன்று அவர் போனார். வேலை போயிருந்ததால் லீவு சொல்ல வேண்டியிருக்கவில்லை. அக்கா பட்டறையிலிருந்து இழைப்புளிகளையும் ரம்பங்களையும் கோணியில் கட்டிக்கொண்டிருந்தாள். அவர் ஒரு முனையைப் பிடிக்கக் குனிந்தார்.

"வேண்டாங்க. ஆள் சொல்லியிருக்கேன்," என்றாள்.

பிறந்ததிலிருந்து அவரை அவள் 'ங்க' போட்டுப் பேசியதில்லை. அவர் சாலையோரம் போய் நின்றார். முதலில் பட்டறைக் கூரை இறங்கியது, பிறகு அடுப்படிச் சுவர். சாயங்காலத்துக்குள் அக்கா ஒரு வேனில் ஏறி ஊரைவிட்டே போய்விட்டாள். முகவரி யாரிடமும் கொடுக்கவில்லை.

அடுத்த மழையில் கீழ்த்தெருவுக்குள் தண்ணீர் வரவில்லை. சர்வேயருக்கு அந்தச் செய்தியைப் பால்காரர்தான் சொன்னார். "நல்லது," என்றார் அவர். கதவைச் சாத்திவிட்டு, அக்காவின் பழைய எண்ணுக்கு இன்னொரு தடவை அடித்துப் பார்த்தார்.