தால்சாக் கையும் பதினாலு துப்பாக்கியும்

"பதினாலு துப்பாக்கிவே. பதினாலும் என் நெஞ்சைப் பார்த்து நிக்கி. எங்கையில என்ன இருந்துச்சுங்கீரு? தால்சா. அந்தத் தால்சாக் கையை நீட்டி பம்பாயிலேயே பெரிய தாதாவோட உசிரைக் காப்பாத்தி, மிச்சச் சோத்தையும் தின்னுட்டுத்தான் எந்திரிச்சேன்."

கிங்ஸ் சர்க்கிள் காபிக்கடையில் வெயிலுமுத்து இதைச் சொல்லி முடித்தபோது, பக்கத்து மேசை மாதுங்கா மாமா ஒருவர் இட்லியைப் பிட்ட கையை அப்படியே நிறுத்தினார்.

"அப்புறம் என்னாச்சு சார்?"

"அப்புறம் ஒண்ணும் ஆகலை சார்," என்று எதிரில் இருந்த நாகூர் கனி காபியை ஆற்றிக்கொண்டே சொன்னார். "அது சினிமா ஷூட்டிங். இவருக்குப் பசி. ரெண்டாந்தடவை சோறு வாங்கப் போனாரு. டைரக்டர் பிள்ளை கட் சொல்லிட்டுது. நான் அங்கனயேதான் நின்னேன். அந்தப் பதினாலுல ரெண்டு துப்பாக்கி எங்கையில இருந்துச்சு."

மாமா இட்லிக்குத் திரும்பிவிட்டார்.

வெயிலுமுத்துவின் கதைகளை யாரும் நம்பாதது அவருக்குப் புதிதல்ல. ரயில்வே பணிமனையில் ஃபிட்டராக இருந்தபோது பழுதான என்ஜினைக் காதில் இரண்டு வார்த்தை சொல்லியே ஓட வைத்தவர் அவர். ஆண்டாப் ஹில் வெள்ளத்தில் எருமை மேல் ஏறி வேலைக்குப் போய், அதையும் சைக்கிள் ஸ்டாண்டில் கட்டிவிட்டு வந்தவர். கேட்கிறவர்கள் சிரிப்பார்கள், அவர்களைவிடப் பலமாக அவர் சிரிப்பார், விஷயம் முடிந்தது. ஆனால் இத்தனை வருஷக் கதைகளிலும் அட்சரம் பிசகாமல் நடந்தது இது ஒன்றுதான். அதற்குப் போய்க் கண்ணால் கண்ட சாட்சியே எதிர்சாட்சி சொன்னால் மனுஷன் என்ன செய்வார். அவர் மானத்துக்காகச் செய்த காரியம் வயிற்றுக்காகச் செய்ததாகிவிட்டது. தாராவிச் சந்துகளில் அவருக்குத் 'தால்சா தாதா' என்று பெயரும் விழுந்துவிட்டது.

நடந்தது இதுதான்.

தாராவியிலேயே பிறந்து வளர்ந்த சஃப்ரீன் என்ற பெண் தன் முதல் படத்தை எடுத்தாள். தாதாக்கள் படம். ஆனால் கத்தியும் கெட்ட வார்த்தையுமாகத் திரிகிற ரகம் இல்லை. இதில் எல்லாரும் முழங்காலுக்குக் கீழே தொங்கும் தோல் கோட்டு போட்டு, மெதுவாக நடந்து, இரண்டு கையாலும் மெதுவாகச் சுட்டு, இன்னும் மெதுவாகச் சாவார்கள். சாவதற்கு முன் விசுவாசத்தைப் பற்றி நாலு வார்த்தை பேசுவார்கள். குண்டு வெடித்தால் புறா பறக்க வேண்டும். மற்ற ஊர்களில் புறாவுக்கு வாடகை கொடுப்பார்களாம், ஷூட்டிங் நடந்த வடாலா கோடவுனில் புறாக்களை விரட்டத்தான் ஆள் வைக்க வேண்டியிருந்தது.

கோட்டுகள் எல்லாம் நாகூர் கனியின் பட்டறையில் தைத்தவை. பட்டறையை மகனிடம் விட்டுவிட்டு ஓய்வாக இருந்த கனி, கோட்டைக் கொண்டுபோய்க் கொடுத்த இடத்தில் அதை மாட்டி நிறுத்தப்பட்டு, தாதாவின் மெய்க்காவலர்களில் ஒருவராகிவிட்டார். வெயிலுமுத்துவைக் கூட்டிப் போனதும் அவர்தான். வெயிலுமுத்து பென்ஷன் வாங்கத் தொடங்கிய நாளிலிருந்து சினிமாவில் பிணமாகப் படுத்து வருகிறவர். அவர் சாகாத தெரு பம்பாயில் கிடையாது. ஆனால் அத்தனை சாவிலும் குப்புறத்தான் போட்டார்கள். முதுகைக் காட்டி "இது நான்தான்" என்றால் இசக்கியம்மாளே நம்ப மாட்டாள், கட்டிய மனைவி.

சஃப்ரீன் அவருடைய முகத்தை ஒரு நிமிஷம் பார்த்தாள்.

"அங்கிள், நீங்கதான் துரோகி. தாதா கையால சாப்பிட்டுட்டு நீங்கதான் முதல்ல சுடறீங்க. ஃபுல் க்ளோஸப்."

அன்று சாயங்காலத்துக்குள் தாராவியின் தொண்ணூறடி ரோட்டில் இந்தச் செய்தி தெரியாத ஆட்டோ இல்லை. நெல்லையில் இருந்த சம்பந்தி வீட்டுக்கும் போன் போயிற்று.

ஷூட்டிங் காலையில் தொடங்கியது. நீள மேசை. தலைப்பக்கம் தாதாவாக நடிக்கும் தேவ்தத் காமத், மராத்தி மேடையில் நரைத்தவர். இரண்டு பக்கமும் வெயிலுமுத்துவையும் சேர்த்து எட்டு மெய்க்காவலர்கள். சாப்பாடு நிஜமாக இருந்தால்தான் கண்ணில் நிஜம் வரும் என்று சஃப்ரீன் தன் அம்மா ஆபிதாவிடம் சொல்லி ஒரு தேக்சா பிரியாணியும் தால்சாவும் செய்து கொண்டுவந்திருந்தாள். காமத் எழுந்து வந்து ஒவ்வொருவர் தட்டிலும் தன் கையால் பரிமாற வேண்டும். அவர்கள் சாப்பிட வேண்டும். காட்சி அவ்வளவுதான்.

சினிமாவில் இதற்கு ஒரு முறை உண்டு. ஒரே வாய்ச் சோற்றை எத்தனை தடவை படம் எடுப்பார்களோ தெரியாது. அதனால் நடிகர்கள் மென்றுவிட்டு, கட் என்றதும் பக்கெட்டில் துப்பிவிடுவார்கள். பக்கெட் சுற்றி வந்தது. ஏழு பேரும் துப்பினார்கள், கனி உட்பட. வெயிலுமுத்துவிடம் வந்தபோது அவர் பக்கெட்டையும் பார்த்தார், தட்டையும் பார்த்தார். ஆபிதா கத்திரிக்காயும் எலும்பும் போட்டுக் கொதிக்க வைத்த தால்சா. அதைத் துப்புகிறவன் மனுஷனா. விழுங்கினார். அடுத்த டேக்கிலும் விழுங்கினார். காமத் குனிந்து குனிந்து பரிமாறினார், வெயிலுமுத்து விழுங்கிக்கொண்டே இருந்தார். மதியத்துக்குள் ஒரு பட்டாளத்தின் சோறு அவர் வயிற்றில் இருந்தது.

பிற்பகலில் துப்பாக்கிக் காட்சி. கோட்டுக்குள்ளிருந்து உருவி, காமத்தின் முதுகில் சுட வேண்டும். வெறும் சத்தமும் புகையும்தான் வரும். வெயிலுமுத்து துப்பாக்கிகளை வாங்கினார். காமத்தின் முதுகைப் பார்த்தார். திருப்பிக் கொடுத்துவிட்டார்.

"முடியாதும்மா. இவரு கையால நான் கை நனைச்சாச்சு."

அவருடைய ஊர்ப் பக்கம் பகையாளி வீட்டில் செத்தாலும் கை நனைக்க மாட்டார்கள். நனைத்துவிட்டால் பகை அந்தச் சோற்றோடு சரி. அப்புறம் அந்த வீட்டுக்காரன் மேல் துரும்பைக்கூடத் தூக்கக் கூடாது. சஃப்ரீன் தலையில் கை வைத்துக்கொண்டாள்.

"அங்கிள், யே ஆக்டிங் ஹை."

"சுடுறது ஆக்டிங். ஒத்துக்கிடுதேன். சாப்பிட்டது ஆக்டிங் இல்லையேம்மா, நெசமாத்தானே உள்ள போச்சு."

"மத்தவங்களும்தானே சாப்பிட்டாங்க?"

"அவங்க துப்பிட்டாங்க. அவங்க சுடலாம். தாராளமாச் சுடட்டும்."

கனி அவரை ஓரமாக இழுத்தார். "என்னவே கூத்து இது. முகம் தெரியும்னு ஊரெல்லாம் சொல்லிட்டு வந்திருக்கீரு. இப்ப விட்டா இனி உம்ம பொணத்தைக்கூடக் கூப்பிட மாட்டானுவோ."

"தெரியும்வே."

"பொறவு?"

"பொறவு என்ன, முடியாது."

வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது. சஃப்ரீன் யோசித்தாள். துரோகியின் இடம் கனிக்குப் போனது. வெயிலுமுத்து கேமராவுக்கு முதுகைக் காட்டி மேசையில் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருக்க வேண்டும், எழுந்திருக்கக் கூடாது. மறுபடியும் முதுகு. அவர் சரியென்று உட்கார்ந்தார். வருத்தம் இருந்தது, ஆனாலும் தட்டில் தால்சா விழுந்ததும் கை தானாகப் பிசைந்தது.

சஃப்ரீன் "ஆக்‌ஷன்" என்றாள். ஏழு பேரும் எழுந்தார்கள். பதினாலு துப்பாக்கிகளும் மேலே வந்தன. அவள் "ஃபயர்" என்றதும் கனி முதலில் சுட வேண்டும், பின்னாலேயே மற்றவர்கள். காமத் எதுவும் தெரியாதவராகக் குனிந்து சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தார். நரைத்த பிடரி. அந்தப் பிடரியைப் பார்த்ததும் வெயிலுமுத்துவுக்குக் கோடவுன் மறந்தது, கேமரா மறந்தது. உடம்பு தானாக எழுந்தது. காமத்துக்கும் துப்பாக்கிகளுக்கும் நடுவில் போய் நின்று வலது கையை விரித்து நீட்டினார். விரல்களிலிருந்து தால்சா சொட்டியது. கூரையில் இருந்த அத்தனை புறாக்களும் மூச்சை அடக்கிக்கொண்டன.

"ஃபயர்" வரவில்லை. "கட்"டும் வரவில்லை. சஃப்ரீன் மானிட்டரில் கண்ணை ஒட்டிக்கொண்டிருந்தாள்.

காமத் திரும்பிப் பார்த்தார். பழைய மேடைக்காரர், திகைக்கவில்லை. அந்த ஈரக் கையைப் பிடித்து, வெயிலுமுத்துவைப் பக்கத்து நாற்காலியில் இழுத்து உட்கார வைத்தார்.

"பைட். பஹ்லே கானா," என்றார். உட்காரு, முதலில் சாப்பாடு. தன் தட்டை இருவருக்கும் நடுவில் நகர்த்தினார். இருவரும் ஒரே தட்டில் சாப்பிட ஆரம்பித்தார்கள்.

அதற்குப் பிறகுதான் அவள் கட் சொன்னாள். கேமராக்காரர் கைதட்டினார். சஃப்ரீன் மட்டும், "எடிட்டிங்கில பாக்கலாம் அங்கிள். வேலை செய்யலேன்னா பழைய மாதிரியே முடிச்சுடுவேன்," என்றாள். காமத்தைத் தனியாகச் சுடுகிற ஷாட்டையும் கையோடு எடுத்து வைத்துக்கொண்டாள்.

ஆக, எல்லாம் படத்தின் கையில் இருந்தது. படம் வெளிவரும்வரை, கனி போகிற இடமெல்லாம் 'ரெண்டாந்தடவை சோறு' கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார். அதைச் சொல்லும்போது அவர் முகத்தில் பொய்யே தெரியவில்லை என்பதுதான் வெயிலுமுத்துவைத் தூங்க விடாமல் செய்தது. சிநேகிதர் பொய் சொன்னால் சண்டை போடலாம். மனதார நம்பிச் சொல்கிறவரை என்ன செய்வது?

"படம் வரட்டும்வே," என்பார் வெயிலுமுத்து.

"வரட்டும். நான்தான் சுடுதேன், நீரு முதுகைக் காட்டிட்டுச் சோறு திங்கீரு. இருந்தா அதுதான் இருக்கும்."

வெள்ளிக்கிழமை மதியக் காட்சிக்கு வடாலா மல்டிபிளெக்ஸில் மூன்று பேரும் உட்கார்ந்தார்கள். நடுவில் வெயிலுமுத்து. ஒரு பக்கம் கனி, பாப்கார்ன் பெட்டியோடு. இன்னொரு பக்கம் இசக்கியம்மாள், கைப்பையை இறுகப் பிடித்துக்கொண்டு.

திரையில் கோட்டுகள் நடந்தன. புறாக்கள் பறந்தன. நீள மேசை வந்தது. எட்டுப் பேர். வெயிலுமுத்துவின் முதுகு தெரிந்தது. கனி முழங்கையால் இடித்தார்.

துப்பாக்கிகள் எழுந்தன. எல்லாம் ஸ்லோ மோஷனில். முதுகு எழுந்தது, திரும்பியது. முதுகு இருந்த இடத்தில் முகம் வந்தது. நாலு மாடி உயர முகம். நெற்றிச் சுருக்கம் ஒவ்வொன்றும் ஹார்பர் லைன் தண்டவாளம்போல இருந்தது. விரிந்த கை திரையை அடைத்தது. நடுவிரலிலிருந்து ஒரு சொட்டு தால்சா கிளம்பி, ஆடி மாதம் முழுக்க விழுந்து, மேசையைத் தொட்டது. தியேட்டரில் யாரும் மெல்லவில்லை.

காமத் கையைப் பிடித்தார். "பைட். பஹ்லே கானா." ஆறு துப்பாக்கிக்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள், ஒவ்வொருவராகக் கைகளை இறக்கினார்கள். ஒரே ஒருவர் இறக்கவில்லை. கேமரா மெதுவாக அவரை நெருங்கியது. இரண்டு கையிலும் துப்பாக்கி நீட்டி நின்ற நாகூர் கனி. இரண்டு கண்ணும் இறுக மூடியிருந்தன. வெடிச் சத்தத்துக்குக் காத்திருக்கும் குழந்தையைப்போல முகம் சுருங்கி, உதடு எதையோ ஓதிக்கொண்டிருந்தது.

"பாவம், அந்தத் துரோகியாலேயே பார்க்க முடியலை பாரு," என்று முன்வரிசையில் ஒரு பெண் இந்தியில் சொல்லிக் கண்ணைத் துடைத்தாள். தியேட்டர் கைதட்டியது.

வெயிலுமுத்து திரும்பவில்லை. திரும்ப வேண்டியிருக்கவில்லை. பக்கத்தில் பாப்கார்ன் மெல்லும் சத்தம் நின்றிருந்தது. இசக்கியம்மாள்தான் புருஷனைத் தாண்டி எட்டிப் பார்த்தாள்.

"ஏன் பாய், பசிக்குப் போயி உக்காந்தாருன்னீங்க?"

கனி திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். பாப்கார்ன் பெட்டியைக் கீழே வைத்தார்.

"துப்பாக்கியைத் தூக்கின உடனே கண்ணை மூடிட்டேன் தங்கச்சி. சத்தத்துக்குப் பயந்து. கட் சொன்ன பொறவுதான் முழிச்சேன். முழிச்சா இவரு சோறு தின்னுட்டிருக்காரு. வேற என்ன நெனைக்க?" வெயிலுமுத்துவின் வலது கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். "நடந்துச்சுதான்வே. நீரு சொன்ன மாதிரியேதான் நடந்துச்சு."