பாட்டை நிறுத்தாதவர்

விதியைப் பற்றிப் பாடுவதில் ஹெகியாஸை அடித்துக்கொள்ள ஏதென்ஸில் ஆள் கிடையாது. பிழைப்புக்குக் கம்பளி வெளுப்பவர். பகலெல்லாம் தொட்டிக்குள் நின்று துணியை மிதித்து மிதித்துக் கால் இரண்டும் வெந்து வெளிறிப் போயிருக்கும். ஆனால் வசந்தத்தில் மதுக்கடவுள் தியோனிசஸின் விழா வந்துவிட்டால் அவர் வேறு ஆள். துயர நாடகத்துப் பாட்டுக் குழுவில் பதினைந்து பேர் என்றால், இருபது வருஷமாக அந்தப் பதினைந்துக்கும் தலைவர் அவர்தான். "மூன்று கிழவிகள் நூற்ற நூலை எந்த மனிதன் அறுத்தான்" என்று விதித்தேவதைகளைப் பற்றி அவர் இழுக்கும்போது, மலைச்சரிவில் உட்கார்ந்து வெங்காயம் தின்றுகொண்டிருக்கும் மாலுமிகூட மெல்லுவதை நிறுத்திவிடுவான்.

குழுவுக்கென்று ஒரு முறை உண்டு. அரண்மனைக்குள் கொலை நடக்கும், அலறல் வெளியே கேட்கும், குழு உள்ளே போகாது. போகலாமா, வேண்டாமா என்று நாலு அடி பாடும். பிறகு எல்லாம் தெய்வம் விட்ட வழி என்று முடித்துக்கொள்ளும். ஆடுகளத்தில் இறங்கியபின் நின்ற இடத்தை விட்டு நகர்வது குற்றம், அது கடவுளுக்கு முன்னால் செய்கிற காரியம். எவன் வீடு எரிந்தாலும் நின்ற இடத்தில் நின்று பாடக் கற்றுக்கொண்ட உடம்பு ஹெகியாஸுடையது. இதை இப்போதே சொல்லி வைக்கிறேன். பின்னால் அவரை ஏசத் தோன்றும்போது உதவும். எனக்கு உதவியதில்லை.

இலையுதிர் காலத்தில் குலவீரர் சிலைகளுக்குக் கீழே வெள்ளைப் பலகையில் படைப்பட்டியல் வந்தது. வடக்கே போர் நடக்கும் திரேசுக் கரைக்குக் கப்பலேறுகிறவர்களில் அவர் மகன் லீகோன் பேரும் இருந்தது. பையனுக்கு இருபது வயது. கூட்டாளிகளெல்லாம் போகிறார்கள் என்று அவனுக்கு ஒரே குஷி, துடுப்படிக்கக் கைக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டு திரிந்தான். ஹெகியாஸுக்குப் பிறந்தது மூன்று. கொள்ளைநோய் வந்த வருஷம் இரண்டைக் கொண்டுபோயிற்று. மிச்சம் இவன் ஒருவன். பலகையைப் படித்த அன்றிலிருந்து அவருக்குச் சோறு இறங்கவில்லை.

வழி ஒன்று இருந்தது. விழாவுக்குப் பயிற்சி எடுக்கும் குழுவில் இருப்பவனைப் போருக்குக் கூப்பிட முடியாது, சட்டமே அப்படி. ஆனால் குழுவில் பதினைந்து பேரும் நிரம்பியாயிற்று. பதினைந்தாவது ஆள் தெல்லிஸ், பக்கத்து வீட்டுச் செருப்புத் தைக்கும் கொனோனின் மகன். ஹெகியாஸ் நாடக வாத்தியாரிடம் போய், தெல்லிஸ் திரும்பும்போது இடது காலை இழுக்கிறான், வரிசை கெடுகிறது என்றார். அதில் பொய் இல்லை. கொஞ்சம் இழுப்பான்தான். மூன்று வாரம் பழகியிருந்தால் சரியாகியிருக்கும் என்பது ஹெகியாஸுக்குத்தான் மற்ற யாரையும்விட நன்றாகத் தெரியும். தெல்லிஸ் வெளியே போனான், லீகோன் உள்ளே வந்தான். கப்பலில் காலியான இடத்துக்கு நாலு நாளில் தெல்லிஸைக் கூப்பிட்டார்கள்.

வீட்டில் மெலித்தா இதைக் கேட்டதும் தறியை விட்டு எழுந்துவிட்டாள். ஹெகியாஸின் மனைவியான அவள் ஆந்த்ரோஸ் தீவுக்காரி, மீன் பிடிப்பவன் மகள். தாய் தகப்பன் இருவருமே ஏதென்ஸ்காரர்களாக இருந்தால்தான் பிள்ளை ஊர்க்காரன் என்பது சட்டம். லீகோனைப் பதியும்போது, இவள் தீவில் குடியேறின ஏதென்ஸ்காரன் பெண் என்று ஹெகியாஸ் பலிபீடத்தைத் தொட்டுச் சத்தியம் செய்திருந்தார். பொய்ச் சத்தியம். பிள்ளைப் பாசத்தில் செய்தது. ஊரில் இவரைப்போல் செய்தவர்கள் வேறு பலரும் இருந்தார்கள், யாரும் கிளறியதில்லை. ஆனால் விழாக்குழுவில் அயலான் ஆடக்கூடாது. ஆடினால் யார் வேண்டுமானாலும் களத்தில் இறங்கிக் கையைப் பிடித்து வெளியே இழுக்கலாம்.

"கப்பல்ல எவன் துடுப்புப் போட்டாலும் உன் அம்மா யாருன்னு கேக்க மாட்டான்," என்றாள் மெலித்தா. "களத்துல கேப்பான். அவனக் கொண்டுபோய் ஊர் கண்ணு முன்னால நிறுத்தாதீங்க."

"இருபது வருஷமா எவனும் கேக்கல. இப்ப என்ன புதுசா?"

"கேக்க யாருக்கும் காரணம் இல்ல. இப்பத்தான் ஒரு வீட்டுக்குக் காரணம் குடுத்திருக்கீங்க."

லீகோனும் மறுத்தான். தெல்லிஸ் முகத்தில் எப்படி முழிப்பேன் என்று கேட்டான். ஹெகியாஸ் இரண்டு பேர் சொன்னதையும் கேட்டுக்கொண்டார், ஆனால் நடந்தது அவர் வைத்ததுதான். இதையும் குறித்துக்கொள்ளுங்கள். எந்தக் குறிசொல்லியும் அவரிடம் எதுவும் சொல்லவில்லை. பறவை பறந்த திசை சரியில்லை, ஆட்டு ஈரல் சரியில்லை என்று ஒன்றுமே நடக்கவில்லை. மனைவி வேண்டாம் என்றாள், மகன் வேண்டாம் என்றான், இவர் செய்தார்.

குளிர்காலத்தில் தெல்லிஸ் வந்துசேர்ந்தான். எலும்பாக, தன் குலத்துக்குரிய தேவதாருப் பெட்டியில், மற்றவர்களுடைய எலும்போடு கலந்து வந்தான். ஹெகியாஸ் துக்கம் கேட்கப் போனார். கொனோன் வாசலில் உட்கார்ந்து தோலை அறுத்துக்கொண்டே இருந்தான், நிமிரவில்லை. மூன்று கிழவிகள் நூற்றது, நம் கையில் என்ன இருக்கிறது என்று ஹெகியாஸ் ஆறுதல் சொன்னார். அப்போதுதான் கொனோன் நிமிர்ந்தான்.

"அவன் காலு மாத்திரம் இழுக்கலன்னா இன்னிக்கு உங்க பக்கத்துல நின்னு பாடிக்கிட்டு இருப்பான், இல்லையா ஹெகியாஸ்?"

வேறொன்றும் கேட்கவில்லை. கொனோனுக்கு மெலித்தாவின் பிறப்பு பத்து வருஷமாகத் தெரியும். ஒரு தடவை அவள் அண்ணன் அத்திப்பழக் கூடையோடு ஆந்த்ரோஸிலிருந்து வந்து, கொனோன் வீட்டில் குடித்துவிட்டு, எங்கப்பன் ஏதென்ஸைக் கண்ணால்கூடப் பார்த்ததில்லை என்று உளறியிருந்தான். பத்து வருஷம் அதை வயிற்றுக்குள் வைத்திருந்த மனுஷன். அவனைக் கெட்டவன் என்று சொல்ல எனக்கு நாக்கு வராது.

விழா நாள் வந்தது. அன்றைய நாடகம், மகனைக் காப்பாற்ற அவனை மலைக்கோட்டையில் அடைக்கும் அரசனின் கதை, கடைசியில் கோட்டைச் சுவரே மகன்மேல் இடிந்து விழும். குழுவில் எல்லோருக்கும் கிழவர் முகமூடி, நரைத்த தாடி. குழல்காரன் முன்னால் நடக்க, பக்கவாட்டு வழியாகப் பதினைந்து பேரும் மூன்று வரிசையாகக் களத்துக்குள் வந்தார்கள். லீகோன் பின்வரிசையில் கடைசி. ஹெகியாஸ் தன் இடத்தில் நின்று முதல் அடியைத் தொடங்க மூச்சை இழுத்தார். அப்போது கீழ்ப்படியிலிருந்து கொனோன் இறங்கி வந்தான். நேராகப் போய் லீகோன் கையைப் பிடித்தான். விழாவில் ஒழுங்கு காக்கும் கோல்காரர்கள் இரண்டு பேர் பின்னாலேயே வந்தார்கள்.

"இவன் ஆந்த்ரோஸ்காரி பெத்தவன்," என்றான் கொனோன், கூட்டம் முழுவதற்கும் கேட்கும்படி. "இல்ல, இவன் நம்ம ஊர்க்காரன்தான்னு பொறுப்பேத்துக்கிற ஆளு இங்க இருந்தா முன்னால வரட்டும்."

அதுவும் முறைதான். அந்த இடத்திலேயே ஒருவன் முன்னால் வந்து இவனுக்கு நான் பொறுப்பு என்று சொன்னால், பையனை அவனோடு வீட்டுக்கு அனுப்புவார்கள். விசாரணை விழா முடிந்த பிறகு. நடுவில் எத்தனையோ நாள் இருக்கும். அடுத்த நாடான மெகாராவின் எல்லை ஒரு பகல் நடை. மாட்டிக்கொண்டவர்கள் எல்லோரும் அப்படித்தான் நடந்து தப்பியிருக்கிறார்கள், அதிகாரிகளும் மறுபக்கம் திரும்பிக்கொள்வார்கள். யாராவது ஒருவர் ஓர் அடி எடுத்து வைத்து, என் மகன், நான் பொறுப்பு என்று நாலு சொல் சொன்னால் போதும்.

குழல் நிற்கவில்லை. குழல்காரன் கடவுளுக்கு ஊதுகிறான், மனிதர்களுக்காக அவன் நிறுத்துவதில்லை. முதல் அடிக்கான இடம் வந்தது. லீகோன் முகமூடியைத் திருப்பித் தகப்பனைப் பார்த்தான். ஹெகியாஸ் அவனைப் பார்த்தார். தலைவன் நகர்ந்தால் வரிசை உடையும், பாட்டு நிற்கும், ஆறு மாத உழைப்பு போகும், பொய்ச் சத்தியமும் அம்பலமாகும். இதெல்லாம் அவர் யோசித்தார் என்று சொன்னால் அது அவருக்குச் செய்கிற மரியாதை. அவர் யோசிக்கவில்லை. இடம் வந்தது, வாய் திறந்தது, பாடினார். அருமையாகப் பாடினார் என்று கேட்டவர்கள் சொல்கிறார்கள். மகனைக் கையைப் பிடித்து வெளியே கூட்டிப்போன நேரம் முழுக்க, மனிதன் தன் பங்குக்கு வந்ததை ஏற்கத்தான் வேண்டும் என்று அவர் பாடிக்கொண்டிருந்தார். பதினாலு கிழவர்கள் ஆடி முடித்தார்கள்.

முடிந்ததும் முகமூடியைக் கழற்றி எறிந்துவிட்டு ஓடினார். அதற்குள் பையன் சிறையில். பொறுப்பேற்கிறேன் என்றார். அங்கே கேட்டபோது வரவில்லையே, இப்போது எதற்கு என்று அதிகாரி கேட்டார். நடுவர் மன்றத்தில் கொனோன் தரப்புக்கு வேறு சாட்சியே தேவைப்படவில்லை. பெற்ற தகப்பன் பத்து முழத் தூரத்தில் நின்றான், என் பிள்ளை என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை, இதற்குமேல் என்ன வேண்டும் என்று கேட்டார்கள். தீர்ப்பாயிற்று. ஊர்க்காரனாக நடித்த அயலானுக்கு உள்ள தண்டனை, அடிமைச் சந்தை.

சந்தைக்கு முந்தின நாள் சிறையில் பார்க்க விட்டார்கள். ஹெகியாஸ் வாற்கோதுமை ரொட்டியும் உப்பிட்ட மீனும் கொண்டுபோனார். லீகோன் இளைத்திருந்தான், கணுக்காலில் விலங்கு பட்ட இடம் புண்ணாகியிருந்தது. தகப்பன் விலங்கைப் பிடித்துக்கொண்டு அழுதார். கடைசியில் பையன்தான் பேசினான்.

"அழாதீங்கப்பா. நீங்க பாத்திருக்க மாட்டீங்க. முகமூடியில கண்ணு ஓட்டை எவ்வளவு சின்னது. குழல் சத்தத்துல கொனோன் மாமா பேசினதும் கேட்டிருக்காது."

ஹெகியாஸ் தலையாட்டினார். "ஆமாப்பா. தெரியல. எல்லாம் விதி."

"ஆமா," என்றான் லீகோன். மீனைப் பிய்த்துப் பாதியைத் தகப்பனிடம் கொடுத்தான்.

மறுநாள் காலையிலேயே ஒரு வியாபாரி அவனை வாங்கிக் கப்பலேற்றிவிட்டான். கரியாவுக்கு என்றார்கள் சிலர், எகிப்துக்கு என்றார்கள் சிலர். ஹெகியாஸ் துறைமுகத்துக்குப் போகும் முன்பே நங்கூரம் எடுத்தாயிற்று. திரும்பி வரும் வழியெல்லாம் பார்த்தவர்கள் தோளைத் தட்டி, விதி என்றார்கள். அவரும் ஒரு கணக்குச் சொல்லிக்கொண்டே நடந்தார். கப்பலில் போயிருந்தாலும் தெல்லிஸ் மாதிரி செத்திருப்பான், எப்படி ஆனாலும் அவன் நம் கையில் தங்க எழுதியிருக்கவில்லை. வீடு வந்து சேர்வதற்குள் அதைக் கிட்டத்தட்ட நம்பிவிட்டார்.

மெலித்தா தறிக்கு முன்னால் உட்கார்ந்திருந்தாள், நெய்யவில்லை. கப்பல் போய்விட்டது என்றார். எந்த ஊருக்கு என்று கேட்டாள். தெரியவில்லை என்றார். தாம் கட்டிக்கொண்டு வந்த கணக்கை அவளுக்கும் சொன்னார். அவள் கடைசிவரை கேட்டாள்.

"விதின்னு அங்க பாடுங்க. இந்த வீட்டுல சொல்லாதீங்க," என்றாள். "செத்திருந்தா எலும்பாவது வந்திருக்கும். கொனோன் பொண்டாட்டி போய் உக்காந்து அழறா, அவளுக்கு ஒரு இடம் இருக்கு." பிறகு கேட்டாள். "கொனோன் கேட்டப்ப நீங்க எங்க இருந்தீங்க?"

"முகமூடிக்குள்ள ஒண்ணும் தெரியல, மெலித்தா. அவனே சொன்னான். ஓட்டை சின்னது, நீங்க பாத்திருக்க மாட்டீங்கன்னு அவனே..."

மெலித்தா முதல்தடவையாகத் திரும்பி அவர் முகத்தைப் பார்த்தாள்.

"அவனும் அதே முகமூடியத்தானே போட்டிருந்தான்."

ஹெகியாஸ் நின்ற இடத்திலேயே நின்றார். ஆறு மாதம் அந்த முகமூடியோடு பழகியவன் அவன். அதற்குள்ளிருந்து என்ன தெரியும், எவ்வளவு தூரம் தெரியும் என்று அவனுக்கு நன்றாகத் தெரியும். காலில் விலங்கோடு உட்கார்ந்து அவன் ஒரு பொய் சொன்னான், அப்பாவுக்காக. அதையும் இவர் ஆமாம் என்று வாங்கிக்கொண்டு, பாதி மீனையும் தின்றுவிட்டு வந்திருக்கிறார். பார்த்தேன், என் கண்ணால் பார்த்தேன், பார்த்துக்கொண்டேதான் பாடினேன் என்று அவனிடம் சொல்லியிருக்க வேண்டும். சொல்ல ஒரு பகல் முழுக்க இருந்தது. இப்போது சொல்ல ஆள் இல்லை, கப்பல் எந்தத் திசையில் போகிறது என்றுகூடத் தெரியாது.