மூணாங்கொம்பு

மூட்டைக்குள் கையை விட்டதும் சூடு தெரிந்தது. செங்கம்மாள் கையை எடுக்கவில்லை. முழங்கை வரைக்கும் உள்ளே விட்டு, நடுவிலிருந்து ஒரு பிடி நெல்லை அள்ளி வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தாள். ஒவ்வொரு நெல்லின் மூக்கிலும் எள்ளளவுக்கு வெள்ளையாக ஒரு முளை. சில நெல் வேரும் விட்டு, பக்கத்து நெல்லோடு பின்னத் தொடங்கியிருந்தது.

வாசலில் மேளம் அடித்துக்கொண்டிருந்தார்கள். ஷாமியானாவுக்குக் கீழே, பொன்னேரியிலிருந்து வாடகைக்கு வந்த கண்ணாடிப் பெட்டிக்குள் அவள் புருஷன் ரங்கசாமி படுத்திருந்தான். பெட்டியின் மோட்டார் ஒரே சீராக இரைந்தது. கொஞ்ச நேரத்துக்கு முன்னால்தான் அந்தக் கண்ணாடி மேல் கன்னத்தை வைத்து அழுதுவிட்டு எழுந்து வந்திருந்தாள். கன்னத்தில் அந்தச் சில்லிப்பு இன்னும் போகவில்லை. கையிலோ நெல்லின் சூடு.

நெல்லை ஊற வைத்தது அவன்தான், செவ்வாய்க்கிழமை காலையில். புதன்கிழமை தண்ணீரை வடித்துச் சாக்கில் கட்டி, வைக்கோல் போட்டு மூடி, மேலே பாரத்துக்கு உடைந்த ஆட்டுக்கல்லையும் ஏற்றி வைத்தான். இன்றைக்கு வியாழன், மூன்றாம் நாள். மூணாங்கொம்பு என்பார்கள். முளை விட்ட அன்றைக்கே விதை சேற்றில் விழுந்துவிட வேண்டும். தப்பினால் வேர் சிக்கிக்கொண்டு தன் சூட்டிலேயே வெந்து போகும். மறுநாள் புளித்த கஞ்சி வாடை அடிக்கும். அப்புறம் அதை மாடுகூட மோந்து பார்க்காது.

கம்பெனியில் இரும்புக் கம்பி ஏற்றுகிற வேலை ரங்கசாமிக்கு. இரவு ஷிப்ட் முடிந்து வந்தவன், சட்டையைக்கூடக் கழற்றாமல் மூட்டைக்குத் தண்ணீர் தெளிக்கப் போனான். சொம்பு விழுந்த சத்தம் கேட்டு இவள் வந்து பார்த்தபோது, மூட்டையின் மேல் கவிழ்ந்து கிடந்தான். ஆம்புலன்சில் வந்த பையன் நாடி பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினான். அவ்வளவுதான். ஐம்பத்து மூன்று வயசு.

கல்யாணமான புதிதில் அந்த ஒரு ஏக்கரில் எதைப் போட்டாலும் விளையும். அப்புறம் கிழக்கே இறால் குட்டை வெட்டினார்கள், மேற்கே கம்பெனி மதில் எழும்பியது. கிணற்றுத் தண்ணீர் வாயில் வைக்க முடியாமல் கரித்தது. அரசாங்க டெப்போ விதையை மூன்று போகம் போட்டார்கள். மூன்று போகமும் நுனி கருகிச் செத்தது. ரங்கசாமிதான் பழவேற்காட்டுப் பக்கம் போய், உப்புக் காற்றில் விவசாயம் பண்ணிக்கொண்டிருந்த ஒரு ஆளைப் பிடித்து, உப்புத் தாங்குகிற நெல்லைத் துண்டில் முடிந்து எடுத்து வந்தான், களர்சம்பா. அரைப்படி இருக்கும். அதைப் பெருக்கி வயல் நிறைக்க மூன்று வருஷம் ஆனது. அன்றிலிருந்து இருபத்திரண்டு அறுப்பிலும் விதைக்குக் கதிர் பொறுக்கியது செங்கம்மாள்தான். அறுப்புக்கு முதல் நாள் வயலுக்குள் இறங்கி, நெட்டையாக, சாயாமல் நின்ற கதிராகப் பார்த்துக் கிள்ளி மடியில் கட்டிக்கொள்வாள்.

போன டிசம்பர் வெள்ளத்தில் வயல் பதினோரு நாள் தண்ணீரில் கிடந்தது. தேறியது முப்பது கிலோ. இன்னும் கொஞ்சம் கேட்கலாம் என்று ரங்கசாமி பழவேற்காட்டுக்குப் போனான். அந்த ஆள் செத்துப் போயிருந்தார். அவர் வயலில் நீலத் தகரம் போட்ட குடோன் நின்றது.

"ஒரு படியாவது எட்த்து வைக்கட்டுமா?" என்று செவ்வாய்க்கிழமை இவள் கேட்டாள்.

"முப்பதும் போட்டாதான் ஒரு ஏக்கரா ரொம்பும். வச்சிக்கினு இன்னா பண்ணுவ, பொங்கித் துன்னுவியா?" என்று சிரித்தான்.

ஆக இருப்பது அவ்வளவும் இந்தச் சாக்குக்குள்தான்.

"இங்க இன்னாமா பண்ற? அவன் தலமாட்டுல ஒக்காராம?"

மூத்தார் முனுசாமி வந்து நின்றார். ரங்கசாமிக்கு அண்ணன். காலையிலிருந்து எல்லாக் காரியத்தையும் தன் தோளில் போட்டுக்கொண்டு அலைந்தவர். மேளத்துக்குச் சொன்னது, பெட்டிக்குச் சொன்னது, பாடை கட்ட மூங்கில் கொண்டுவந்தது, எல்லாம் அவர்தான். கண் இரண்டும் சிவந்திருந்தது.

"ஒம் பொண்ணு ஹேமா கடம்பத்தூர்ல ரயில் ஏறிட்டாளாம். அவ வந்ததும் மூணு மணிக்கி எடுத்துடலாம்."

"மாமா, வெத மூணாங்கொம்பு ஆயிடுச்சி."

"ஆவட்டும்."

"இன்னிக்கே போட்டாவணும்."

அவர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். துக்கத்தில் புத்தி பிசகிவிட்டது என்று நினைத்திருப்பார். குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"ஊட்ல பொணத்த வச்சிக்கினு வெத போடுவியா? பதினாறு நாளு தீட்டுமா. நீ வாசப்படியே தாண்டக் கூடாது." பிறகு சாக்கைப் பார்த்தார். முகம் கோணியது. "டேய் முரளி! இத்த தூக்கிக்கினு போயி ஏரில கொட்டுடா. என் தம்பி உசுர எடுத்த மூட்டை. பாக்கப் பாக்க வயிறு எரியுது."

முரளி அவள் மகன். லாரி ஓட்டுகிறவன். கொள்ளி வைக்க வேண்டியவன் என்று காலையிலேயே புது வேட்டி கட்டிவிட்டிருந்தார்கள். பெரியப்பா சொன்னால் சொன்னதுதான் அவனுக்கு. இரண்டடி முன்னால் வந்தான்.

"தொடாத," என்றாள் செங்கம்மாள்.

முப்பது வருஷமாக மூத்தார் முன்னால் தலைமுக்காடு எடுக்காதவள். அவரிடம் ஏதாவது கேட்க வேண்டுமானால் சுவரைப் பார்த்துக் கேட்பாள். இப்போது நேராகப் பார்த்தாள்.

"மாமா, இத்த அவரு ஊற வச்சது செவ்வாக்கெழம. அவரு போனது இன்னிக்கி காலைல. வெத மொதல்ல வந்துது. தீட்டு அப்புறந்தான் வந்துது."

ஷாமியானாவில் யாரோ சிரித்துவிட்டு, அதை இருமலாக மாற்றிக்கொண்டார்கள்.

"வாயி நல்லா பேசுது. நாளைக்கி இந்த நெல்ல எவன் வாங்குவான்? சாவூட்டு நெல்லுன்னு சொல்ல மாட்டானா?"

"வாங்க வாணாம். நானே ஆக்கித் துன்றேன்."

"நல்லது கெட்டது ஒண்ணும் வாணாமா ஒனக்கு? காரியம் முடியட்டும். பதினேழாம் நாளு நானே வெத வாங்கித் தரேன். ஒரு மூட்டை இன்னா, ரெண்டு மூட்டை தரேன்."

"அன்னிக்கி டெப்போ வெத வாங்கிக் குடுத்ததும் நீங்கதான மாமா? மூணு தபாவும் கருகுச்சே."

முனுசாமி தெருப் பக்கம் கையைக் காட்டினார். "ஊரு காறித் துப்பும்," என்றார்.

செங்கம்மாள் குனிந்து ஆட்டுக்கல்லை உருட்டித் தள்ளினாள். வைக்கோலை விலக்கி, சாக்கின் வாயை அவிழ்த்தாள். ஊறிய நெல் நாற்பது கிலோவுக்கு மேல் கனக்கும். இரண்டு கூடையில் பிரித்துக் கொட்டினாள். முந்தானையைச் சுருட்டிச் சும்மாடு வைத்தாள். ஒரு கூடையை இடுப்புவரை தூக்கினாள். அதற்கு மேல் போகவில்லை. தலைச்சுமை என்பது எத்தனை பலம் இருந்தாலும் தனியாக ஏற்றிக்கொள்ள முடியாத ஒன்று. ஏற்றிவிட இன்னொரு ஆள் வேண்டும்.

"யாருனா ஒரு கை குடுங்க."

ஒருவரும் அசையவில்லை. பெண்கள் தரையைப் பார்த்தார்கள். மேளக்காரர்கள் அடிப்பதை நிறுத்தியிருந்தார்கள். கண்ணாடிப் பெட்டியின் மோட்டார் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

"எம்மா," என்றான் முரளி மெல்ல. "எல்லாரும் பாக்கறாங்கமா."

"பாக்கட்டும். கண்ணு கீது, பாக்கறாங்க. கையும் கீதில்ல?"

கூடை இடுப்பிலிருந்து நழுவியது. முட்டியை முட்டுக்கொடுத்து நிறுத்தினாள். ஈரம் புடவையில் இறங்கி ஓடியது.

பெண்கள் வரிசையிலிருந்து ஒருத்தி எழுந்தாள். முனுசாமியின் மனைவி திலகவதி. தெருக்குழாய்ச் சண்டையில் ஆறு வருஷமாகச் செங்கம்மாளோடு பேச்சு வார்த்தை இல்லாதவள். காலையில் வந்ததிலிருந்து ரங்கசாமியின் பெயரைச் சொல்லி ஒப்பாரி வைத்தாளே தவிர, இவள் பக்கம் முகத்தைத் திருப்பவில்லை. இப்போது மூக்கை முந்தானையில் சிந்திக்கொண்டு நேராக வந்தாள்.

"ஒன்னோட பேசக் கூடாதுன்னு சாமி மேல சத்தியம் பண்ணி வச்சிருந்தேன். பேச வச்சிட்ட. குனிடி."

"ஏய், திலகா!" என்றார் முனுசாமி.

"ஊட்டுக்கு வந்து திட்டு. இப்ப கை பாரமா கீது." கூடையின் விளிம்பைப் பிடித்து ஒரே மூச்சில் செங்கம்மாளின் தலையில் ஏற்றினாள். "நல்லா புடி, பைத்தியக்காரி. கழுத்து ஒடிஞ்சி நீயும் வுழுந்தா, நாங்க இன்னொரு பொட்டிக்கி எங்க போறது?"

செங்கம்மாள் வாசற்படியைத் தாண்டினாள். பெட்டியைச் சுற்றிக்கொண்டு போகும்போது, பழக்கத்தில், தலை ஆடாமல் கண்ணை மட்டும் சாய்த்து அவனைப் பார்த்தாள்.

வயல் தெருக்கோடியிலிருந்து கூப்பிடு தூரம். மதிலுக்கு அந்தப் பக்கம் புகைபோக்கி வழக்கம்போலப் புகைந்துகொண்டிருந்தது. நேற்று மாலை ஷிப்டுக்குப் போகும் முன்னால் ரங்கசாமி நாற்றங்காலுக்குப் பலகை இழுத்துவிட்டுப் போயிருந்தான். சேறு ஒரு மேடு பள்ளம் இல்லாமல் கிடந்தது. அதன்மேல் விரல்கடை ஆழத்துக்குத் தண்ணீர். அவள் இறங்குகிற வரைக்கும் அதில் அசைவே இல்லை.

நட்டிருக்கிறாள், களை எடுத்திருக்கிறாள், அறுத்திருக்கிறாள். விதை வீசியதில்லை. அது ஆம்பளை வேலை என்று இத்தனை வருஷமும் கூடையைப் பிடித்துக்கொண்டு பின்னால் நடந்தவள். முதல் பிடி கொத்தாகப் போய் ஒரே இடத்தில் விழுந்தது. இரண்டாம் பிடியும் அப்படித்தான். குனிந்து, சிக்கிய வேரை விரலால் பிரித்து, கூடைக்குள்ளேயே நெல்லை உதிர்த்துவிட்டாள். கடல் காற்று எழும்பியிருந்தது. காற்றுக்கு முதுகைக் காட்டி நின்றாள். மணிக்கட்டைத் தளர்த்தினாள். மூன்றாம் பிடி விரலிடுக்கில் பிரிந்து போய், தூற்றல் விழுகிற மாதிரி தண்ணீரில் பரவி விழுந்தது.

"அடேங்கப்பா," என்று தனக்கே சொல்லிக்கொண்டாள். அவன் சொல்கிற மாதிரியே.

பின்பக்கமாகவே நடந்து ஒரு கோடு முடித்து, அடுத்த கோட்டுக்குத் திரும்பினாள். பதினாறாம் நாள் உடைக்கப் போகிற கண்ணாடி வளையல் ஒவ்வொரு வீச்சுக்கும் குலுங்கியது. முதல் கூடை காலியாகிற நேரத்துக்கு வரப்பில் ஆள் தெரிந்தது. முரளி. இரண்டாவது கூடை அவன் தலையில் இருந்தது. புது வேட்டியெல்லாம் நெல்லுத் தண்ணீர்.

"யாரு ஏத்தி உட்டது?"

"பெரீம்மாதான். பெரீப்பா திட்டிக்கினே கீறாரு."

"திட்டட்டும். தம்பிய பறிகுடுத்தவரு, யாரையாவது திட்டணும் இல்ல?"

முரளி வேட்டியை மடித்துக் கட்டினான். சேற்றில் இறங்கப் போனான்.

"நீ எறங்காத. ஒனக்கு அங்க வேல கீது. நைனாகூட இரு. போ."

அவன் கூடையை வரப்பில் வைத்தான். நாற்றங்காலைப் பார்த்தான். "அந்த மூலையில திட்டா வுழுந்திருக்குது," என்றான். சொல்லிவிட்டுப் போனான்.

இரண்டாவது கூடையில் பாதிகூடப் போயிருக்காது, தெருவிலிருந்து அலறல் கேட்டது. ஹேமாவதி வந்துவிட்டாள். நைனா, நைனா என்று கத்தினாள். பிறகு கொஞ்சம் ஓய்ந்து, "எம்மா எங்க? எங்கம்மா எங்க?" என்ற குரல் வயல் வரைக்கும் வந்தது.

செங்கம்மாளின் கை நெல்லுக்குள் நின்றுவிட்டது. கரையேறிவிடலாம் என்று ஒரு கால் தானாகத் திரும்பியது. கூடையைப் பார்த்தாள். இன்னும் நாலு கோடு. கரையேறினால் திரும்ப விட மாட்டார்கள். பெண்கள் சுற்றி உட்கார்ந்து கட்டிப்பிடித்துக்கொள்வார்கள். அப்புறம் எடுப்பார்கள். அப்புறம் இருட்டிவிடும்.

உதட்டைக் கடித்துக்கொண்டு அள்ளினாள். நாலு கோட்டையும் அவசரம் இல்லாமல், திட்டு விழாமல், போட்டு முடித்தாள். கூடையைக் கவிழ்த்துத் தட்டினாள். ஓலை இடுக்கில் ஒட்டியிருந்த ஏழெட்டு நெல்லை நகத்தால் நோண்டி எடுத்து, முரளி காட்டிய மூலையைத் தவிர்த்து, வெறிச்சென்று இருந்த இடமாகப் பார்த்துப் போட்டாள். பிறகுதான் வாய்விட்டு அழுதாள். நடுச்சேற்றில் நின்றபடி, காலை எடுத்தால் முளை மிதிபடுமே என்று காலை எடுக்காமலே அழுதாள்.

மோட்டார் கொட்டகைத் தொட்டியில் கைகாலைக் கழுவிக்கொண்டு வீட்டுக்கு வந்தபோது ஹேமாவதி ஓடிவந்து கட்டிக்கொண்டாள். ரங்கசாமியைப் பெட்டியிலிருந்து எடுத்துக் குளிப்பாட்டினார்கள். வாய்க்கரிசி போட்டார்கள். மூன்றரை மணிக்குப் பாடை எழும்பியது.

பெண்கள் தெருக்கோடி வரைக்கும்தான். அதற்கு மேல் போகிற வழக்கம் இல்லை. செங்கம்மாள் ஹேமாவதியின் தோளைப் பிடித்துக்கொண்டு அங்கேயே நின்றாள். பக்கத்தில் திலகவதி, மூச்சு வாங்கிக்கொண்டு. சுடுகாட்டுக்குப் போகிற வழி நாற்றங்காலை ஒட்டின வரப்பு வழியாகத்தான் போகும்.

பாடைக்கு முன்னால் முனுசாமி நடந்தார். இடுப்பில் முறம். முறத்தில் பொரியும் சாமந்தி இதழும். நாலடிக்கு ஒரு பிடி அள்ளி வீசிக்கொண்டே போனார். பின்னாலேயே மைனாவும் மாடப்புறாவும் இறங்கி, ஆட்கள் நகர்ந்த இடத்தில் பொரியைக் கொத்தின.

நாற்றங்கால் வந்தது. முனுசாமி முறத்துக்குள் கையை விட்டார். அள்ளினார். வீசவில்லை. மூடிய கையை மார்போடு வைத்துக்கொண்டு நடந்தார். ஒரு தடவை பின்னால் திரும்பி, பறவைகளைப் பார்த்து மேல்துண்டை உதறினார். பாடை அவருக்குப் பின்னால் ஆடி ஆடிப் போனது. மடை தாண்டி, நாற்றங்காலின் கடைசி மூலையும் தாண்டி, அடுத்த வயலின் தரிசு வந்த பிறகுதான் அந்தக் கை திறந்தது.