சிப்பிக்கையன்

ஆறு வயது அனிஷா சோற்றுத் தட்டின் முன்னால் அரை மணி நேரம் உட்கார்ந்திருப்பாள். அதைப் பொறுக்க முடியாமல் அவள் அம்மா, என் அக்கா விஜிலா, ஒருநாள் சிப்பிக்கையனை உண்டாக்கினாள். முத்துக் குளிக்கப் போய்க் கடலடியிலேயே தங்கிவிட்ட குள்ளனாம். வலது கை இருக்கவேண்டிய இடத்தில் பெரிய சிப்பியாம். சாப்பிடாத பிள்ளைகளின் விரலைக் கவ்விக்கொண்டு போய்விடுவானாம்.

சோறு இறங்கியது. ஆனால் பிள்ளை குளிக்க மறுத்தாள்.

"தண்ணி போற ஓட்ட வழியா வாரான் சித்தி. உப்பு வாசம் அடிக்கி" என்று என்னிடம் அழுதாள். தூத்துக்குடியில் எந்த வீட்டுக் குளியலறையில்தான் உப்பு வாசம் அடிக்காது?

"நீ கட்டுன கததான? பொய்யின்னு சொல்லிரு" என்றேன் அக்காவிடம்.

"பொறவு ஒரு வாய் திம்பாளா? நீயா வந்து ஊட்டுவ?"

அத்தான் டேவிட்சன் இயற்பியல் வாத்தியார். கதை கட்டியது யாரென்று அவருக்கும் தெரியும். அந்த அறிவாளி கண்ட வழி, பக்கத்திலுள்ள நாசரேத் ஊரிலிருந்து, ஜெபம் பண்ணிப் பேய் விரட்டும் ஓர் ஊழியக்காரரை வரவழைப்பது. "சும்மா ஒரு ஜெபந்தான" என்றார்.

சனிக்கிழமை காலை ஊழியக்காரர் வந்தார். டீ குடித்தார். குளியலறை வாசலில் நின்று கண்ணை மூடினார்.

"நிக்கான். கறுப்பா, நெடுநெடுன்னு ஒருத்தன், வாளி பக்கத்துல நிக்கான்."

"இல்ல அங்கிள், அவன் குள்ளம். அம்மா சொல்லிருக்கா" என்றாள் அனிஷா.

அவர் கண்ணைத் திறக்கவேயில்லை. "அது வேற. ரெண்டு பேரு நிக்காங்க."

அக்கா சோபாவில் காலைத் தூக்கி வைத்துக்கொண்டாள். அத்தான் "ஸ்தோத்திரம்" என்றார். எனக்குச் சிரிப்பு முட்டியது. பிள்ளையின் முகத்தைப் பார்த்ததும் அடங்கிவிட்டது.

அவர் போனதும் கதவைச் சாத்தினேன். "இப்ப நீ சொல்லுதியா, நான் சொல்லட்டா?"

அக்கா தரையில் உட்கார்ந்து மகளின் கையைப் பிடித்தாள். "சிப்பிக்கையன்னு யாருமில்ல மக்கா. அம்மா சும்மா சொன்னேன்."

அனிஷா அவளை ஏற இறங்கப் பார்த்தாள். "நான் எத்தன நாள் அழுதேன்? நீ பாத்துக்கிட்டுதான இருந்த?"

இரண்டு நாள் அம்மா கையால் எதையும் வாங்கித் தின்னவில்லை. தானே துண்டை எடுத்துக்கொண்டு போய், தாழ்ப்பாள் போட்டுக் குளித்தாள்.

அடுத்த வாரம் நான் போனபோது குளியலறைக்கு வெளியே ஒரு முக்காலியில் உட்கார்ந்து படம் வரைந்துகொண்டிருந்தாள். உள்ளே தண்ணீர்ச் சத்தம்.

"ஏளா, அங்கனதான் இருக்கியா?" என்று அக்காவின் குரல் கேட்டது.

"இருக்கேம்மா" என்று சலித்துக்கொண்ட அனிஷா என் பக்கம் திரும்பினாள். "அந்த நெட்டையனுக்குப் பயப்படுதா சித்தி. கதவக்கூடப் பூட்ட மாட்டேங்கா."